விஜய் தோற்பான், விஜு தோற்கமாட்டார்

அன்புள்ள சார்,

அமிதாப் பச்சனின் ‘புட்டா ஹோகா தேரா பாப்’ (2011) படத்தை இப்போதுதான் பார்த்தேன். கலர் கலராகச் சட்டை, கழுத்தில் ஸ்கார்ஃப், எதிரில் வருகிறவனுக்கெல்லாம் அடி. கதை பேருக்குத்தான். நண்பர்களோ அவருடைய எழுபதுகளின் படங்களுக்குச் செய்த மரியாதை என்கிறார்கள். அப்படியா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

மரியாதைதான், சந்தேகமே வேண்டாம். இயக்குநர் பூரி ஜெகன்நாத் அமிதாப்பின் பரம ரசிகர். நம் ஊர் விஜய் நடித்த ‘போக்கிரி’யின் தெலுங்கு மூலத்தை எடுத்தவர், அங்கே மகேஷ் பாபுவுக்கு வைத்த அதே எகத்தாளத்தை 68 வயது மனிதருக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார், அவரும் குஷியாக ஊதித் தள்ளுகிறார். எனக்கும் பல இடங்களில் சிரிப்பு வந்தது.

ஆனால் பழைய படங்கள் பலவற்றில் அமிதாப்பின் பாத்திரத்துக்குப் பெயர் விஜய். அந்த விஜய்யிடம் ஸ்டைல் என்று தனியாக ஒன்று கிடையாது. ‘தீவார்’ (1975) படத்தில் அவன் துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறவன். மாமூல் வாங்கும் பீட்டரின் ஆட்கள் அவனை ஊரெல்லாம் தேட, அவன் அவர்களுடைய குடோனிலேயே காலை நீட்டி உட்கார்ந்திருக்கிறான். எழுந்து போய்க் கதவைப் பூட்டுகிறான், சாவியை பீட்டரிடமே வீசுகிறான், இனி உன் பையிலிருந்து எடுத்துத்தான் திறப்பேன் என்கிறான். அப்புறம்தான் அடி. எல்லோரும் காப்பியடித்த அந்தச் சட்டை முடிச்சுகூட, தையல்காரர் நீளமாகத் தைத்துவிட்டதால் போட்டது என்று அமிதாப்பே சொல்லியிருக்கிறார்.

இவ்வளவு செய்தவன் கடைசியில் போலீஸ் தம்பியின் குண்டு பட்டு அம்மா மடியில் சாகிறான் (ரஜினியின் ‘தீ’ இந்தக் கதைதான்). ‘சக்தி’யில் (1982) சுடுவது போலீஸ் அப்பா திலீப் குமார். ‘அக்னிபத்’திலும் (1990) அம்மா மடிதான். விஜய் தோற்றுக்கொண்டே இருந்தான், ஜனங்கள் அவனை விடாமல் பிடித்துக்கொண்டதும் அதனால்தான் என்று நினைக்கிறேன்.

‘புட்டா’வில் அமிதாப் நடிக்கும் விஜுவுக்கோ தோல்வியே கிடையாது. ‘சக்தி’யைத் தலைகீழாக்கி, கூலிக்குக் கொலை செய்கிற அப்பா போலீஸ் மகனைக் காப்பாற்றுவதாக வைத்தார்களே, நல்ல முடிச்சு அது. ஆனால் பிரகாஷ் ராஜ் என்ன கத்தினாலும் இந்தப் பெரியவருக்கு ஒன்றும் ஆகாது என்பது முதல் காட்சியிலேயே தெரிந்துவிடுகிறது. அவர் உண்மையில் தோற்றிருப்பது பிரிந்துபோன மனைவியிடம் மட்டும்தான். ஹேமமாலினியை வைத்துக்கொண்டு அதை இன்னும் கொஞ்ச நேரம் நின்று எடுத்திருக்கலாம், பூரிக்கு அடுத்த சண்டைக்கு அவசரம்.