மாதம் 400 டாலர் பால் பவுடர், கார்டில் 4,300 டாலர் கடன்

கேள்வி: ஒஹையோவில் இருக்கிறோம். கணவர் பல்கலைக்கழகத்தில் போஸ்ட்டாக், எச்-1பி விசா, வருடத்துக்கு 54,000 டாலர் சம்பளம். எனக்கு வேலை செய்ய அனுமதி இல்லை. மூத்தவளுக்கு நான்கு வயது, சின்னவனுக்கு நான்கு மாதம். அவனுக்குப் பசும்பால் புரதம் ஒத்துக்கொள்ளாமல் மலத்தில் ரத்தம் போனது. டாக்டர் நியூட்ராமிஜென் என்ற சிறப்புப் பால் பவுடரைக் கொடுக்கச் சொன்னார், இப்போது நன்றாக இருக்கிறான். ஆனால் டப்பா 40 டாலர், எல்லாம் கிரெடிட் கார்டில்தான் போகிறது. தாய்-சேய் சத்துணவுக்கான அரசு உதவித் திட்டமான விக் (WIC) ஆபீசுக்கு ஒருமுறை போன் செய்தேன், நம் மாநிலத்தில் வேறு பிராண்டுதான் கொடுப்போம் என்றார்கள். கணவரின் பெரியப்பா மகன் இங்கே இன்சூரன்ஸ் செய்கிறார், விக் வாங்கினால் கிரீன் கார்டுக்கு ஆபத்து என்கிறார். அவரிடம் எட்டு மாதமாக ஐயுஎல் (பங்குச்சந்தைக் குறியீட்டோடு இணைந்த ஆயுள் காப்பீடு) பாலிசிக்கு மாதம் 200 டாலர் கட்டுகிறோம். பர்சனல் லோன் எடுத்து கார்டை அடைத்துவிடலாமா?

பதில்: லோன் வேண்டாம். 4,300 டாலருக்கு வருட வட்டி 25 சதவீதம் என்று வைத்தால் மாதம் 90 டாலர் வட்டிக்கே போகிறது, அது வலிக்கத்தான் செய்யும். ஆனால் லோன் எடுத்து கார்டைக் காலி செய்தால் அடுத்த மாதமே பால் டப்பா அதில் மறுபடி ஏறும், அப்புறம் லோனும் இருக்கும், கார்டு கடனும் இருக்கும். ஒரு உறவினர் சொன்ன பயத்தை நம்பி, அரசு தரக்கூடிய பாலைக் கடனில் வாங்குகிறீர்களே, முதலில் நிற்க வேண்டியது அந்தப் பழக்கம்தான்.

கணக்கு போடுவோம். இந்த வயதில் நாளுக்கு சுமார் 28 அவுன்ஸ் குடிப்பான், மாதத்துக்கு 840. 12.6 அவுன்ஸ் டப்பாவைக் கரைத்தால் 87 அவுன்ஸ் பால் வரும், ஆக பத்து டப்பா, 400 டாலர். ஒரு வயது வரை இன்னும் எட்டு மாதம், 3,200. இதே எட்டு மாதத்தில் ஐயுஎல்லுக்கு 1,600. இரண்டும் சேர்ந்து 4,800, உங்கள் கார்டு கடனை விடவே அதிகம்.

நான்கு பேர் குடும்பத்துக்கு விக் வருமான வரம்பு, 2025 ஜூலை முதல் 2026 ஜூன் வரை, 59,478 டாலர். வரி பிடிப்பதற்கு முந்தைய சம்பளத்தைத்தான் பார்ப்பார்கள், நீங்கள் உள்ளேதான் இருக்கிறீர்கள். பிள்ளைக்கு மெடிகெய்ட் (குறைந்த வருமானத்தாருக்கான அரசு மருத்துவக் காப்பீடு) இருந்தால் வருமானக் கணக்கே தனியாகக் கேட்க மாட்டார்கள்.

கிரீன் கார்டு பயத்துக்கு வருவோம். அரசு உதவியை நம்பி வாழ்பவர் என்று கருதினால் கிரீன் கார்டை மறுக்கலாம் என்றொரு விதி உண்டு. 2019-ல் அதை இறுக்கியபோதுகூட, கணக்கில் எடுக்கும் உதவிகளின் பட்டியலில் விக் வரவில்லை. 2022 விதியிலும் இல்லை, அதில் குழந்தை வாங்கும் உதவியைப் பெற்றோர் கணக்கில் சேர்ப்பதும் இல்லை. இந்த விதிகளை மறுபடி மாற்றும் பேச்சு ஓடிக்கொண்டிருப்பதால், கிரீன் கார்டு வேலையைப் பார்க்கும் வக்கீலுக்கு ஒரு மெயில் போட்டுக் கேட்டுவிடுங்கள். பாலிசி விற்பவரிடம் கேட்கிற கேள்வி இல்லை இது.

சரி, போனில் 'வேறு பிராண்டுதான்' என்றார்களே, அது பொய்யில்லை, பாதி பதில். ஒவ்வொரு மாநிலமும் சாதாரண ஃபார்முலாவுக்கு (குழந்தைப் பால் பவுடர்) ஒரே கம்பெனியோடு தள்ளுபடி ஒப்பந்தம் போட்டிருக்கும், 1989 சட்டத்திலிருந்து வந்த ஏற்பாடு அது. நியூட்ராமிஜென் மாதிரியான சிறப்பு ஃபார்முலா அந்த ஒப்பந்தத்துக்கு வெளியே, டாக்டர் கையெழுத்திட்ட மருத்துவப் படிவத்தின் பேரில் தருவது. நீங்கள் கேட்க வேண்டியது அந்தப் படிவத்தை. விக் ஆபீஸ் தளத்திலிருந்து இறக்கி டாக்டர் ஆபீசுக்கு அனுப்புங்கள், அவர்கள் ஃபேக்ஸ் செய்துவிடுவார்கள்.

படிவத்தை அனுப்பும் முன் நீங்களே ஒரு தடவை வாசியுங்கள், பெரும்பாலும் இங்கேதான் சிக்குகிறது. நோய் என்ற இடத்தில் 'பசும்பால் புரத ஒவ்வாமை' என்று இருக்க வேண்டும். 'ஒத்துக்கொள்ளவில்லை', 'வாயு', 'அழுகிறான்' என்று பொத்தாம்பொதுவாக எழுதினால் திருப்பிவிடுவார்கள். ஃபார்முலாவின் பெயர், நாளுக்கு எத்தனை அவுன்ஸ், எத்தனை மாதம், மூன்றும் வேண்டும். டாக்டர் அவசரத்தில் ஒரு மாதம் என்று போட்டுவிட்டால் மாதாமாதம் அலைய வேண்டியது நீங்கள்தான், மாநிலம் அனுமதிக்கிற அதிகபட்சத்தைப் போடச் சொல்லுங்கள். ஆறு மாதம் ஆனதும் திட உணவும் சேர்வதால் விக் தரும் மாத அளவு, கரைத்த பாலாக 696 அவுன்ஸாகக் குறையும், அதாவது எட்டு டப்பா. திட உணவு கொடுக்க முடியாத நிலை என்று டாக்டர் எழுதினால் பழைய அளவே கிடைக்கும்.

இனி சில்லறை விஷயங்கள். ஏற்கெனவே வாங்கிய டப்பாவுக்குப் பணம் திரும்ப வராது, அதனால் இந்த வாரமே அப்பாயின்ட்மென்ட் வாங்குங்கள். எந்தக் கடையில் இந்த டப்பா இருப்பு இருக்கிறது என்று ஆபீசிலேயே கேளுங்கள், எல்லாக் கடையிலும் இருக்காது. அந்தந்த மாதத்து அளவை அந்தந்த மாதமே எடுத்துவிட வேண்டும். மிச்சமானால் விற்காதீர்கள், அது குற்றம். மூத்தவளுக்கும் ஐந்து வயது வரை பால், பழம், தானியம் கிடைக்கும், உங்களுக்கும் பிரசவமாகி ஆறு மாதம் வரை உண்டு, மூன்று பேர் பெயரையும் சேர்த்தே கொடுங்கள். அதுவரை கடையில் வாங்கும் டப்பாவுக்குக் கணவரின் வேலையிடத்தில் எஃப்எஸ்ஏ (மருத்துவச் செலவுக்கு வரியில்லாமல் சம்பளத்தில் ஒதுக்கும் கணக்கு) இருந்தால், டாக்டர் கடிதத்தோடு சாதாரண ஃபார்முலாவை விடக் கூடுதலாகும் விலையை அதில் கேட்டுப் பார்க்கலாம்.

அந்த ஐயுஎல். கோயில் பிரசாத வரிசையில்கூட இப்போது இதை விற்கிறார்கள். சந்தை ஏறினால் லாபம், இறங்கினால் நஷ்டமில்லை என்று படம் காட்டுவார்கள், ஏறும்போது உச்சவரம்பு இருப்பதையும் மாதாமாதம் உள்ளே கட்டணம் பிடிப்பதையும் மெதுவாகச் சொல்வார்கள். முதல் சில வருடங்களில் சரண்டர் செய்தால் கையில் ஏறக்குறைய ஒன்றும் வராது. கட்டிய 1,600 போனது போனதுதான், அதை மீட்க இன்னும் கட்டுவது வீண். ஒருவர் சம்பளத்தில் நான்கு பேர் வாழும் வீட்டுக்கு ஆயுள் காப்பீடு கட்டாயம் வேண்டும், ஆகவே முதலில் 20 வருட டெர்ம் பாலிசி (சேமிப்பு எதுவும் இல்லாத, வெறும் ஆயுள் காப்பீடு) ஒன்று வாங்கி, அது கைக்கு வந்த பிறகு இதை நிறுத்துங்கள். ஆரோக்கியமாக, முப்பதுகளில் இருப்பவருக்கு 5 லட்சம் டாலர் கவரேஜ் மாதம் 30 டாலரை ஒட்டித்தான் வரும்.

அண்ணன் கோபித்துக்கொள்வார். அவரிடம் கணவர் பேசட்டும், நீங்கள் நடுவில் போகாதீர்கள். 'இப்போ முடியலைண்ணா' என்பதற்கு மேல் விளக்கம் தேவையில்லை, விளக்கினால் சின்னத் தொகை பாலிசி ஒன்றை எடுத்து நீட்டுவார்.

மிச்சமாகும் 170-ஐயும், பால் செலவில் குறைவதையும் அப்படியே கார்டுக்குத் திருப்புங்கள். விக் தொடங்கியதும் மாதம் 500 டாலருக்கு மேல் போகும், கடன் பத்து மாதத்துக்குள் தீர்ந்துவிடும். அந்தக் கார்டைக் கடை ஆப்களிலிருந்து இன்றைக்கே எடுத்துவிடுங்கள்.