கோகோஸ்டொப்பார்: ஐஸ்லாந்தின் தேங்காய்க் குக்கிக்கு எந்தத் தேங்காய்?

கேள்வி: கணவரின் வேலை காரணமாக இரண்டு ஆண்டுகளாக ரெய்க்யாவிக் நகரில் வசிக்கிறோம். சென்ற டிசம்பரில் எங்கள் கீழ்வீட்டுப் பாட்டி ஒரு தகர டப்பா நிறையக் குக்கிகள் கொடுத்தார். அவற்றில் ‘கோகோஸ்டொப்பார்’ என்ற தேங்காய்க் குக்கி வீட்டில் எல்லோருக்கும் மிகவும் பிடித்துவிட்டது. டப்பாவை வெறுமனே திருப்பித் தர மனம் வரவில்லை. இந்தக் கிறிஸ்துமஸுக்குள் அதே குக்கியைச் செய்து நிரப்பிக் கொடுக்க விரும்பி, அவர் எழுதித் தந்த குறிப்பின்படி மூன்று முறை முயன்றுவிட்டேன். முதல் இரண்டு முறையும், உலர்ந்த துருவல் எதற்கு என்று ஆசியக் கடையில் கிடைக்கும் உறைந்த தேங்காய்த் துருவலைச் சேர்த்தேன். ஒரு முறை தட்டில் பரவி அடையாகிவிட்டது. மறுமுறை அடி கருகி, மேலே ஈரமாகவே இருந்தது. மூன்றாம் முறை கடையில் உலர்ந்த தேங்காய்ப் பொடி வாங்கிச் செய்தேன், கட்டிக் கல்லாகிவிட்டது. தென்னையே இல்லாத நாட்டில் தேங்காய்க் குக்கி எப்படிப் பாரம்பரியமானது என்பதும் எனக்கு விளங்கவில்லை.
— ஒரு வாசகி, ரெய்க்யாவிக்

பதில்: அன்புள்ள சகோதரி, உங்கள் கைப்பக்குவத்தில் எந்தக் குறையும் இல்லை. முதல் இரண்டு முறை நீங்கள் கைக்கொண்டது நம் ஊர்ச் சமையலறையின் மிக நல்ல பழக்கம். தேங்காய் என்றால் அப்போது உடைத்துத் துருவியதுதான் தேங்காய், உலர்ந்தது அவசரத்துக்கு மட்டும் என்று நம் கை பழகியிருக்கிறது. சட்னிக்கும் பொரியலுக்கும் அது முற்றிலும் உண்மை. ஆனால் கோகோஸ்டொப்பார் தொடக்கத்திலிருந்தே உலர்ந்த தேங்காயை நம்பி உருவான பண்டம். புதுத் தேங்காயை அது தாங்காது.

காரணம் தண்ணீர். புதுத் தேங்காய்த் துருவலின் எடையில் கிட்டத்தட்டப் பாதி தண்ணீர்தான். உறைந்த துருவலும் அப்படியே. கடையில் விற்கும் உலர்ந்த துருவலில் நூற்றுக்கு மூன்று பங்குதான் ஈரம் இருக்கும். 200 கிராம் உறைந்த துருவலைப் போடும்போது, உங்களை அறியாமல் 90 கிராம் அளவுக்குத் தண்ணீரையும் மாவில் ஊற்றிவிடுகிறீர்கள். மூன்று முட்டைகளின் வெள்ளைக்கருவே ஏறத்தாழ 100 கிராம்தான் என்பதை நினைத்துப் பார்த்தால், குறிப்பில் சொன்னதைப்போல இரண்டு மடங்கு வெள்ளைக்கரு சேர்த்ததற்கு அது சமம் என்பது புரியும். அந்தத் தண்ணீரில் சர்க்கரை கரைந்து பாகாகிறது. ஓவனின் சூட்டில் பாகு இளகி ஓடுகிறது. ஓடிய பாகு தட்டைத் தொட்ட இடத்தில் கருகுகிறது. உங்களுடைய முதல் இரண்டு தோல்விகளும் ஒரே காரணத்தின் இரண்டு முகங்கள்.

உங்கள் கடிதம் வந்த வாரமே என் வீட்டு ஓவனில் இரண்டு தட்டுகள் செய்து பார்த்தேன். ஒன்றில் புதிதாகத் துருவிய தேங்காய், மற்றதில் உலர்ந்த துருவல், மற்றவை எல்லாம் ஒரே அளவு. ஓவனின் கண்ணாடி வழியே பார்த்துக்கொண்டிருந்தபோது, ஐந்தாவது நிமிடத்திலேயே புதுத் தேங்காய்க் குக்கிகள் ஒவ்வொன்றையும் சுற்றிப் பளபளவென்று ஒரு ஈர வளையம் தோன்றியது. பத்தாவது நிமிடத்தில் அந்த வளையங்கள் ஒன்றோடொன்று சேர்ந்து பழுப்பு நிறக் கண்ணாடித் தகடு போலாகிவிட்டன. பக்கத்துத் தட்டில் இருந்தவை வைத்த இடத்தில் வைத்த உருவத்தோடு நின்று, நுனியில் நீட்டிக்கொண்டிருந்த துருவல் இழைகள் மட்டும் முதலில் பொன்னிறமாயின. ‘டொப்பார்’ என்ற சொல்லுக்கு உச்சிகள், முகடுகள் என்று பொருள். அந்த முகடு நிற்க வேண்டுமானால் துருவல் உலர்ந்திருக்க வேண்டும்.

மூன்றாம் முறை நடந்தது வேறு. நீங்கள் வாங்கிய பொட்டலத்தில் ‘கோகோஸ்க்வெய்தி’ என்று எழுதியிருந்ததா என்று பாருங்கள். இருந்தால் அது தேங்காய் மாவு. எண்ணெயின் பெரும்பகுதியை எடுத்த பிறகு எஞ்சும் சக்கையை அரைத்தது. நாரே அதிகம் என்பதால் ஈரத்தை முழுவதும் உறிஞ்சிக் கட்டியாகிவிடும். உங்களுக்கு வேண்டியது ‘கோகோஸ்ம்யோல்’. அந்த மொழியில் ‘ம்யோல்’ என்றால் மாவு. அதனால் அகராதியைப் பார்த்து வாங்குகிறவர்கள் குழம்பிவிடுகிறார்கள். ஆனால் அந்தப் பெயரில் விற்பதுதான் எண்ணெய் எடுக்காத, பொடியாகத் துருவி உலர்த்திய தேங்காய். நம் ஊர்க் கடைகளில் டெசிகேட்டட் கோக்கனட் என்று கேட்டு வாங்குகிறோமே, அதேதான். ஒரு துளியை வாயில் போட்டு மென்றால் தேங்காய்ப்பாலின் கொழுப்பு நாக்கில் தெரிய வேண்டும். மாவைப்போல மேலண்ணத்தில் ஒட்டினால் அது வேறு பொருள்.

இனி, தென்னை இல்லாத நாட்டின் பாரம்பரியம் பற்றி. இந்தக் கேள்வியை நீங்கள் கேட்டதில் எனக்கு மிகுந்த மகிழ்ச்சி. ஐஸ்லாந்தில் தேங்காய் மட்டுமல்ல, குக்கிக்கு வேண்டிய கோதுமையும் சர்க்கரையும்கூடக் கப்பலில் வந்தவைதான். 1602 முதல் 1787 வரை அந்தத் தீவின் வணிகம் முழுவதும் டென்மார்க்கின் ஏகபோகத்தில் இருந்தது. மாவு அரிய பொருள். காடு அழிந்துபோன நிலத்தில் விறகும் அரிது. கரி மண்ணையும் உலர்ந்த ஆட்டுப் புழுக்கையையும் எரித்துச் சமைத்த வீடுகளில், மணிக்கணக்கில் சூடேற்றி வேகவைக்கும் பண்டங்களுக்கு இடமில்லை. கிறிஸ்துமஸுக்கு அவர்கள் செய்யும் ‘லோய்வாப்ரோய்த்’ என்ற இலை ரொட்டியைப் பார்த்திருப்பீர்கள். காகிதம் போல மெல்லியதாகத் தேய்த்து, கத்தியால் பூ வேலை செய்து, கொழுப்பில் பொரித்தெடுக்கும் அந்த ரொட்டி, ஒரு பிடி மாவை ஒரு குடும்பத்துக்கே விருந்தாக்கிய காலத்தின் நினைவு.

வீடுகளுக்கு இரும்பு அடுப்பும் பிறகு மின்சாரமும் வந்த பின்னர்தான் நிலைமை மாறியது. 1936இல் ஹப்னர்ஃபியோர்தூர் ஊரில் தொடங்கிய ராஃப்ஹா தொழிற்சாலை உள்நாட்டிலேயே மின் அடுப்புகளைச் செய்தது. கிறிஸ்துமஸுக்கு முந்தைய வாரங்களில் வீட்டுப் பெண்கள் பல வகைச் சிறு குக்கிகளைச் சுட்டு டப்பா டப்பாவாக அடுக்கிவைப்பது பெருமைக்குரிய வழக்கமாயிற்று. ‘ஸ்மௌகோகுர்’ என்ற அந்தச் சிறு குக்கிகளின் வரிசையில் தேங்காய் இடம் பிடித்தது அது உலர்ந்த வடிவில் வந்ததால்தான். தேங்காயைத் துருவி உலர்த்திப் பெட்டியில் அடைத்து ஏற்றுமதி செய்யும் தொழில் 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் இலங்கையில் வேரூன்றியது. கெடாமல் பல மாதம் இருக்கும் அந்தத் துருவல் ஐரோப்பியத் துறைமுகங்களுக்குப் போய்ச் சேர முடிந்தது. ஒரு பொருள் எங்கே விளைந்தது என்பதைவிட, எத்தனை டிசம்பர்களில் ஒரு வீட்டில் அதன் மணம் எழுந்தது என்பதே அவர்களுக்குப் பாரம்பரியம். நம் சமையலின் மிளகாயும் கப்பலில் வந்ததுதானே.

சரி, செய்முறைக்கு வருகிறேன். மூன்று முட்டைகளின் வெள்ளைக்கரு, 150 கிராம் சர்க்கரை, 200 கிராம் உலர்ந்த துருவல், ஒரு சிட்டிகை உப்பு, 100 கிராம் சமையல் சாக்லேட். முப்பது குக்கிகள் வரும். பாட்டியின் குறிப்பு டெசிலிட்டரில் இருந்தால், ஒரு டெசிலிட்டர் என்பது 100 மில்லிலிட்டர். ஆனால் துருவலைக் குவளையில் அளக்கும்போது அழுத்தி நிரப்பினால் ஓர் அளவு, தூவி நிரப்பினால் வேறோர் அளவு. ஆகவே இந்த ஒன்றையாவது தராசில் நிறுத்துப் போடுங்கள்.

வெள்ளைக்கருவில் மஞ்சள் கருவின் ஒரு சொட்டுகூடக் கலக்கக் கூடாது. பாத்திரத்தில் எண்ணெய்ப் பிசுக்கும் இருக்கக் கூடாது. கொழுப்பு பட்டால் நுரை எழாது. உப்பைச் சேர்த்து அடித்து, அடிப்பானைத் தூக்கினால் நுனி வளைந்து நிற்கும் பதம் வந்ததும், சர்க்கரையை ஐந்தாறு தவணையாகத் தூவி, ஒவ்வொரு தவணையும் கரைந்த பிறகு அடுத்ததைச் சேர்க்க வேண்டும். நுரையில் சிறிது எடுத்து விரல்களுக்கிடையே தேய்த்தால் நறநறவென்று இருக்கக் கூடாது. பிறகு துருவலைக் கொட்டி, அகன்ற கரண்டியால் அடியிலிருந்து மேலாகப் புரட்டிக் கலக்குங்கள். சுழற்றிக் கிளறினால் தேங்காயின் கொழுப்பு நுரையை உடைத்துவிடும்.

கலந்தவுடன் தட்டில் வைக்க வேண்டாம். பாத்திரத்தை மூடி இருபது நிமிடம் அப்படியே விடுங்கள். இந்த இருபது நிமிடத்தைப் பலர் விட்டுவிடுகிறார்கள்; என் கருத்தில் செய்முறையின் உயிரே இதுதான். உலர்ந்த துருவல் வெள்ளைக்கருவின் ஈரத்தை உள்ளிழுத்து ஊறும். வெந்த பிறகு வெளியே மொறுமொறுப்பும் உள்ளே மெத்தென்ற கசிவும் அதனால்தான் கிடைக்கும். பிறகு பாத்திரத்தைச் சாய்த்துப் பாருங்கள். அடியில் பாகு தேங்கினால் இரண்டு மேசைக்கரண்டி துருவல் கூடுதலாகச் சேருங்கள்.

இரண்டு சிறு கரண்டிகளால் பெரிய நெல்லிக்காய் அளவு எடுத்து, பேக்கிங் தாள் விரித்த தட்டில் குவியலாக வையுங்கள். உருட்டி வழவழப்பாக்க வேண்டாம். பிசிறு பிசிறாக இருந்தால்தான் முகடுகள் சிவக்கும். உங்கள் ஓவனில் ‘பிளௌஸ்துர்’ என்ற குறியீடு இருந்தால் அது விசிறி ஓடும் முறை. அதில் 150 டிகிரியும், விசிறி இல்லாமல் என்றால் 165 டிகிரியும் வைத்து, நடு அடுக்கில் பதினைந்து நிமிடம் சுடுங்கள். நுனிகள் பொன்னிறமானதும், தொட்டால் மென்மையாக இருந்தாலும், வெளியே எடுத்துவிட வேண்டும். சூட்டில் அவை மென்மையாகத்தான் இருக்கும். இன்னும் வேகவில்லை என்று நினைத்து ஐந்து நிமிடம் கூட்டினால் ஆறிய பிறகு பல்லை உடைக்கும். தட்டிலேயே பத்து நிமிடம் ஆறவிட்டால் தாளிலிருந்து தாமாகவே கழன்று வரும்.

சாக்லேட்டுக்கு, கடையில் ‘சுதுசுக்குலாதி’ என்று எழுதிய கட்டியை வாங்குங்கள். மூன்றில் இரண்டு பங்கைக் கொதிநீர்ப் பாத்திரத்தின் மேல் வைத்து உருக்கி, இறக்கிய பின் மீதியைப் பொடியாக நறுக்கிச் சேர்த்துக் கரையும்வரை கிளறினால், ஆறிய பிறகு வெளுக்காமல் பளபளப்பாக இருக்கும். ஆறிய குக்கிகளின் அடியை அதில் தோய்த்துத் தாளில் வையுங்கள். சில வீடுகளில் அடியில் தோய்க்காமல் சாக்லேட் துண்டுகளை மாவிலேயே கலப்பார்கள். பாட்டி கொடுத்தது எந்த வகையோ அதையே பின்பற்றுங்கள், அவருக்கு மகிழ்ச்சியாக இருக்கும்.

இதே தேங்காயைக் கோதுமை மாவு, வெண்ணெயுடன் சேர்த்துச் சுடும் தட்டையான குக்கி ஒன்றும் அங்கே உண்டு. அதற்கான பழைய குறிப்புகளில் ‘ஹ்யார்தார்சால்ட்’ என்ற மான்கொம்பு உப்பு வரும். அது அம்மோனியம் சேர்ந்த உப்பு என்பதால் சுடும்போது மூக்கைத் துளைக்கும் நெடி எழும், ஆறியதும் போய்விடும். பச்சை மாவை மட்டும் குழந்தைகள் சுவைக்க விடாதீர்கள்.

டப்பாவை நன்றாகத் துடைத்து, ஈரமே இல்லாமல் உலர்த்தி, அடுக்குக்கு ஒரு தாள் வைத்துக் குக்கிகளை நிரப்புங்கள். இஞ்சியும் கிராம்பும் சேர்ந்த மசாலாக் குக்கிகளை அதே டப்பாவில் வைத்தால் தேங்காயின் மணம் அமுங்கிவிடும். குளிர்ந்த இடத்தில் பத்து நாள்வரை நன்றாக இருக்கும். முன்கூட்டியே செய்வதானால் சாக்லேட் தோய்க்காமல் ஃப்ரீசரில் வைத்துவிட்டு, கொடுப்பதற்கு முந்தைய நாள் எடுத்துத் தோய்க்கலாம். அங்கே 24ஆம் தேதி மாலை ஆறு மணிக்கு மணி ஒலித்ததும் கிறிஸ்துமஸ் தொடங்கிவிடும். அதன் பிறகு அவரவர் குடும்பத்தோடு இருக்கும் நேரம். 23ஆம் தேதி பல வீடுகளில் புளிக்கவைத்த திருக்கை மீனைச் சமைப்பார்கள், அதன் நெடி மாடிப்படி முழுவதும் நிற்கும். ஆகவே 22ஆம் தேதிக்குள் கீழே இறங்கிப்போய்ப் பாட்டியின் கையில் டப்பாவைக் கொடுத்துவிடுங்கள். அப்போதே ஒன்றை அவரை எடுத்துச் சாப்பிடச் சொல்லி, துருவலின் அளவு சரியா என்றும் கேட்டு வாருங்கள்.