டீ மெதுவாக விழாது

அன்புள்ள அண்ணா,

நான் பாலக்கோட்டுக்காரன். ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் நைட் ஷிஃப்ட் பார்க்கிறேன். ஒரு அறிவியல் புனைகதை எழுதி இணைத்திருக்கிறேன். நெல்லிக்காய் அளவுள்ள கரிய உருண்டை ஒன்று விண்வெளியிலிருந்து வந்து தீர்த்தமலைக்கு மேலே நின்றுவிடுகிறது. பெயர் 'காலச்சுழி'. அதன்பின் தர்மபுரி மாவட்டத்துக்குள் ஒரு நாள் ஓடினால் வெளியே ஒரு வருஷம் ஓடிவிடும். அதியமான் ஔவைக்குக் கொடுத்த நெல்லிக்கனியோடு இதை முடிச்சுப் போட்டிருக்கிறேன். கதைக்குள் சமன்பாடுகள் போடலாமா? களத்தை அமெரிக்காவுக்கு மாற்றினால்தான் நம்புவார்கள் என்று நண்பர்கள் சொல்கிறார்கள். மாற்றிவிடவா?

— ஒரு வாசகர்

அன்புள்ள தம்பிக்கு,

உங்கள் கதை வந்த அன்று ஊரில் ஆயா வீட்டை இடிப்பதற்காகச் சாமான்களை ஒழித்துக்கொண்டிருந்தோம். பரண்மேல் இருந்த தகரப்பெட்டியில் ஒரு கவுன் கிடைத்தது. அதனால்தான் இந்தப் பதில். இல்லாவிட்டால் கிடப்பில் போட்டிருப்பேன்.

முதலில் நெல்லிக்காய். நம் ஊர்க்காரன் எழுத உட்கார்ந்தால் பேனாவுக்கு முன்னால் நெல்லிக்கனி வந்து நின்றுவிடுகிறது. பட்டிமன்ற மேடையிலிருந்து பள்ளி ஆண்டுவிழா வரை பிழிந்து பிழிந்து அதில் இனி சக்கைதான் மிச்சம். அதியமானை ஒரு ஐந்து வருஷம் சும்மா விடுங்கள். ஆனால் உங்களை அறியாமலே ஒரு கணக்கு பொருந்தியிருக்கிறது. பூமி மொத்தத்தையும் அழுத்திக் கருந்துளையாக்கினால் அதன் குறுக்களவு 1.8 சென்டிமீட்டருக்குப் பக்கத்தில்தான் வரும். சின்ன நெல்லிக்காய். என்ன, அப்படியொன்று மேலே வந்து நின்றால் கீழே தீர்த்தமலை நிற்காது, பூமியே உருப்படியாக இருக்காது. போகட்டும், கதைதானே. மந்திர நெல்லி என்று வைத்துக்கொள்கிறேன்.

உள்ளே ஒரு நாள், வெளியே ஒரு வருஷம் என்கிறீர்கள். அப்படியானால் உள்ளே இருப்பவர்களுக்குச் சூரியன் நாலு நிமிஷத்துக்கு ஒரு தடவை உதிக்கும். உங்கள் கதாநாயகி மொட்டைமாடியில் உட்கார்ந்து சாவகாசமாக அஸ்தமனம் பார்க்கிறாள். எத்தனையாவது அஸ்தமனம் அம்மா அது? ஒரு வருஷத்து வெயில் ஒரே நாளில், அதுவும் பல மடங்கு வீரியத்தோடு இறங்கினால் மாவட்டத்தில் ஒரு மாங்கொட்டை மிஞ்சாது. இதையும் விட்டுவிடலாம்.

விட முடியாதது எட்டாம் பக்கம். நாலு ரோடு டீக்கடையில் மாஸ்டர் டீ ஆற்றுகிறார், டீ தேன்போல மெல்ல இறங்குகிறது, கதாநாயகன் அதை வியந்து பார்க்கிறான். தம்பி, இந்த இடத்தில் எனக்குக் கோபமே வந்துவிட்டது. அவன் எங்கே நிற்கிறான்? சுழிக்குள்ளே. மாஸ்டரும் சுழிக்குள்ளே. டீயும் அப்படியே. காலம் மெதுவாக ஓடினால் டீயோடு சேர்ந்து அவன் கண்ணும் மூளையும் நாடித்துடிப்பும் மெதுவாகத்தான் ஓடும். பிறகு எதை வைத்து மெதுவென்று சொல்வான்? அவனுக்கு டீ எப்போதும்போல ஒரு முழ நீளத்துக்குச் சர்ரென்று விழும். பால் பொங்கும். கடன் சொன்னவனை மாஸ்டர் வழக்கமான வேகத்தில் திட்டுவார். சுழிக்குள் இருப்பவனுக்குத் தன் காலம் எந்த மாற்றமும் இல்லாமல் ஓடும். தொப்பூர் கணவாய்க்கு அந்தப் பக்கம் பைனாகுலரோடு நிற்பவனுக்குத்தான் அந்த டீ அந்தரத்தில் தொங்கும். இதை ஏன் இவ்வளவு நீட்டுகிறேன் என்றால், காலத்தை வைத்து எழுத வருகிறவர்கள் பாதிப்பேர் இந்த டீக்கடையில்தான் வழுக்கி விழுகிறார்கள்.

நிஜத்திலும் இதுதான் கதை. ஓசூர் தர்மபுரியைவிட ஏறக்குறைய 400 மீட்டர் உயரம். பூமியின் ஈர்ப்பில் மேலே போகப்போகக் கடிகாரம் வேகமாக ஓடும். ஆகவே ஒரு வருஷத்தில் உங்கள் ஓசூர்க் கடிகாரம் தர்மபுரிக் கடிகாரத்தை ஒரு மைக்ரோசெகண்டுக்கு (செகண்டில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு) சற்று மேல் முந்திவிடும். (ஓசூரில் சீக்கிரம் நரைப்பதற்குக் காரணம் இதுவல்ல, பெங்களூர் டிராஃபிக்.) ஷிஃப்டில் நிற்கும்போது அந்த வேகம் உங்களுக்குத் தெரிகிறதா? 1971-இல் ஹாஃபலே, கீட்டிங் என்ற இருவர் நாலு சீசியம் அணுக்கடிகாரங்களை ஏற்றிக்கொண்டு பயணிகள் விமானங்களில் உலகைச் சுற்றினார்கள், ஒருமுறை கிழக்கே, ஒருமுறை மேற்கே. பறக்கும்போது கூட இருந்தவர்களுக்கு எந்த மாற்றமும் தெரியவில்லை. இறங்கி வந்து, வாஷிங்டனில் தரையில் இருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டபோதுதான் கிழக்கே போனது 59 நானோசெகண்டு (ஒரு நானோசெகண்டு, செகண்டில் நூறு கோடியில் ஒரு பங்கு) பிந்தியும், மேற்கே போனது 273 நானோசெகண்டு முந்தியும் இருந்தது. உயரம் மட்டுமல்ல, வேகமும் கடிகாரத்தை மாற்றும், அதனால்தான் திசைக்கொரு கணக்கு. திரும்பி வந்து பக்கத்தில் வைத்தால்தான் தம்பி கணக்கு.

கவுனுக்கு வருகிறேன். நான் ஆறாம் வகுப்பு படிக்கும்போது மாமா போர் வண்டிக்குப் போனார். ராஜஸ்தானில் ஊர் ஊராக ஆழ்துளைக் கிணறு போடுகிற வேலை. மாதாமாதம் மணியார்டர் வரும், எப்போதாவது ஒரு இன்லண்ட் லெட்டர். மூன்று வருஷம் கழித்து ஒரு விடியற்காலையில் பச்சை டிரங்குப் பெட்டியோடு வந்து திண்ணையில் உட்கார்ந்தார். குழாய் இறக்கும்போது ஒரு விரல் நுனி போயிருந்தது. காதோரம் நரைத்திருந்தது. பெட்டியைத் திறந்து மகளுக்கென்று ரோஜாநிறக் கவுன் ஒன்றை எடுத்தார். கழுத்தில் லேஸ், நெஞ்சில் மூன்று வரிசை பிளாஸ்டிக் முத்து.

அவர் போகும்போது அவளுக்கு நாலு வயது. இப்போது முன்பல் இரண்டும் விழுந்து கதவுக்குப் பின்னால் நிற்கிறாள். அத்தை இழுத்து வந்து கவுனைத் தலைவழியே மாட்டினாள். அது தோளில் சிக்கிக்கொண்டது. ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. இரண்டு கையும் மேலே தூக்கியபடி, முகம் ரோஜாத்துணிக்குள், உள்ளேயிருந்து அழுகிறாளா சிரிக்கிறாளா தெரியவில்லை. "கடைக்காரன் ஏமாத்திட்டான்" என்று மாமா திரும்பத் திரும்பச் சொன்னார். "புள்ள வளந்துருச்சுடா" என்றாள் ஆயா.

"எப்ப?" என்று கேட்டார் மாமா.

அவருக்கும் அதே மூன்று வருஷம்தான் ஓடியிருந்தது, விரல் சாட்சி.

உங்கள் இருபது பக்கத்தில் தொப்பூர் கணவாய்க்கு ஒரே ஒரு பத்தி, அதுவும் போலீஸ் தடுப்பு வைக்கிற வர்ணனை. மூன்று நாள் வேலைக்கென்று தர்மபுரி வந்த ஒருவன் கணவாய் இறங்கிச் சேலத்தில் தன் வீட்டுக் கதவைத் தட்டட்டும். கையில் மகளுக்கு என்ன வாங்கி வந்திருக்கிறான் என்று எழுதுங்கள். விஞ்ஞானிகளின் மாநாடு வருகிற ஆறு பக்கத்தையும் கிழித்துவிடுங்கள். அமெரிக்காவா? அங்கே எந்த பஸ் எந்த ஸ்டாப்பில் நிற்கும் என்று உங்களுக்குத் தெரியுமா? எனக்கும் தெரியாது. பேசாமல் இங்கேயே இருங்கள்.

சமன்பாடு போடலாமா என்று கேட்டிருந்தீர்கள். போடுங்கள். 1440 நிமிஷத்தை 365-ஆல் வகுத்து, அந்தப் பெண்ணை மொட்டைமாடியிலிருந்து கீழே இறக்குங்கள்.