பேனல், மாறுதல், வழக்கு: ஆசிரியர்களின் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: நான் அரசுப் பள்ளிப் பட்டதாரி ஆசிரியர். உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் பேனலில் (பதவி உயர்வுப் பட்டியலில்), எனக்கு ஆறு மாதம் கழித்துப் பணியில் சேர்ந்தவர் பெயர் எனக்கு மேலே இருக்கிறது. கலந்தாய்வுக்கு ஸ்டே வாங்க முடியுமா? (வாசகர், திருவையாறு)

பதில்: வக்கீலைப் பார்க்கும் முன் உங்கள் பணிப்பதிவேட்டைப் பாருங்கள். ஒரே தேர்வில் வந்தவர்களுக்குள் முதுநிலையை (சீனியாரிட்டியை) முடிவு செய்வது ஆசிரியர் தேர்வு வாரியத்தின் தரவரிசை. சேர்ந்த தேதி அல்ல. அவர் தரவரிசையில் முந்தியவரானால் உங்கள் வழக்கு நிற்காது. சொந்த விருப்பத்தில் வேறு பணி அலகிலிருந்து (மாவட்டம், துறை போன்றவை) மாறி வந்திருந்தாலும் பழைய முதுநிலையைக் கேட்க முடியாது.

இரண்டும் இல்லை என்றால், பட்டியல் தயாரித்தவர்கள் கையில் உங்கள் தாள்கள் முழுதாகப் போய்ச் சேரவில்லை என்று பொருள். பணிவரன்முறை ஆணை (பணியை முறைப்படுத்தியது), தகுதிகாண் பருவம் முடித்த ஆணை, துறைத்தேர்வுத் தேர்ச்சி ஆகியவை பதிவேட்டில் ஏறாமல் கிடப்பதுதான் பெரும்பாலான பேனல் தகராறுகளின் வேர். ஜனவரி 1 நிலவரப்படிதான் பட்டியல் போடுகிறார்கள். அந்தத் தேதியில், பெருந்தண்டனைக்கான 17(ஆ) ஒழுங்கு விதிக் குற்றச்சாட்டு நிலுவையில் இருந்தால் பெயர் தள்ளிவைக்கப்படும்.

வரைவுப் பட்டியலுக்கு ஆட்சேபணை கேட்கும்போதே இந்த ஆணைகளின் நகல்களோடு, உரிய வழியில் (மேலதிகாரி மூலமாக), தேதியிட்ட ஒப்புகை வாங்கிக்கொண்டு மனு கொடுங்கள். மேலே இருப்பவரின் தரவரிசை தெரியாவிட்டால், 10 ரூபாய்க் கட்டணத்தில் தகவல் உரிமைச் சட்டப்படி கேளுங்கள். 30 நாளுக்குள் பதில் தர வேண்டும்.

வழக்கு என்றானால் இரண்டு தவறுகளைச் செய்துவிடாதீர்கள். ஒன்று, துறை அதிகாரிகளை மட்டும் எதிர்மனுதாரர் ஆக்கிவிட்டு, யாருடைய பதவி போகுமோ அவரை விட்டுவிடுவது. அவரைக் கேட்காமல் அவருக்கு எதிராக உத்தரவு போட மாட்டார்கள். மற்றொன்று தாமதம். பதவி உயர்வில் பாதிக்கப்பட்டவர் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் வர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1974லேயே, அதுவும் தமிழ்நாட்டு வழக்கிலேயே (சதாசிவசுவாமி வழக்கு), சொல்லிவிட்டது. கலந்தாய்வு முழுவதற்கும் ஸ்டே கேட்பதைவிட, ஓர் இடத்தைக் காலியாக வைக்கவோ, நியமனம் வழக்கின் முடிவுக்கு உட்பட்டது என்றோ இடைக்கால உத்தரவு கேட்பது நல்லது. ‘மனுவைப் பரிசீலிக்கவும்’ என்று மட்டும் உத்தரவு வந்தால் வெற்றி என்று எண்ண வேண்டாம். பரிசீலித்து நிராகரிக்கவும் துறைக்கு உரிமை உண்டு.

கேள்வி: ஓய்வுபெற நான்கு ஆண்டு இருக்கிறது. டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) எழுதவில்லை. நடுநிலைப் பள்ளித் தலைமையாசிரியர் ஆக முடியுமா? (வாசகி, பாபநாசம்)

பதில்: உச்ச நீதிமன்றத்தின் 1.9.2025 தீர்ப்பின்படி, ஐந்தாண்டுக்கும் குறைவாகப் பணிக்காலம் உள்ளவர் டெட் இல்லாமலே ஓய்வுவரை வேலையில் தொடரலாம். பதவி உயர்வுக்குத் தேர்ச்சி வேண்டும்.

கேள்வி: தலைமையாசிரியரான என்னை ஆண்டின் நடுவில் ‘நிர்வாக நலன்’ என்று மாற்றிவிட்டார்கள். உண்மைக் காரணம் ஒரு புகார்க் கடிதம். புதிய பள்ளியில் சேராமல் வழக்குப் போடலாமா? சென்னையா, மதுரையா? (வாசகர், மன்னார்குடி)

பதில்: சேராமல் வீட்டில் இருக்காதீர்கள். சேராத நாளெல்லாம் அனுமதியற்ற விடுப்பாகி, மாறுதலோடு ஒழுங்கு நடவடிக்கையும் வந்து சேரும். ஆட்சேபத்தை எழுத்தில் பதிந்துவிட்டுச் சேருங்கள். ரொக்கப் பதிவேடு, இருப்புப் பதிவேடு, சத்துணவுக் கணக்கு, எமிஸ் (பள்ளித் தரவு இணையதளம்) கடவுச்சொல் அனைத்தையும் பட்டியலிட்டு, இருவர் கையெழுத்தோடு ஒப்படையுங்கள். இல்லையேல் யார் தலைமையாசிரியர் என்ற இழுபறியில் சம்பளப் பட்டியல் நிற்கும், பத்தாம் வகுப்புப் பிள்ளைகளின் பெயர்ப்பட்டியலும் நிற்கும். பிள்ளைகள் எந்தத் தப்பும் செய்யவில்லை.

மாறுதல் பணியின் ஒரு கூறு என்பதால் நீதிமன்றம் எளிதில் தலையிடாது. ஆனால் தண்டனைக்குப் பதிலாகச் செய்த மாறுதல் செல்லாது என்று சோமேஷ் திவாரி வழக்கில் (2009) உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. ஆகவே ஆணை பிறந்த கோப்பின் குறிப்புப் பக்கங்களைத் தகவல் உரிமையில் கேளுங்கள். புகாரும் அதன் மேல் எழுதிய குறிப்பும் கிடைத்தால் அதுவே உங்கள் வழக்கு. ‘உள்நோக்கம்’ என்று சொன்னால், அந்த அதிகாரியைப் பெயரோடு எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும்.

திருவாரூர் மாவட்டம் உயர் நீதிமன்றத்தின் சென்னை அமர்வுக்கு உட்பட்டது. நாகை, மயிலாடுதுறையும் அப்படியே. தஞ்சை, திருச்சி மாவட்டங்கள் மதுரைக் கிளைக்குப் போகும். நீடாமங்கலத்துக்காரர் சென்னை போக, பக்கத்து அம்மாப்பேட்டைக்காரர் மதுரை போவார்.

கேள்வி: உதவிபெறும் சிறுபான்மைப் பள்ளியில் என்னைவிடப் பணியில் இளையவரைத் தலைமையாசிரியர் ஆக்கிவிட்டார்கள். (வாசகி, நாகப்பட்டினம்)

பதில்: அம்மது வழக்கில் (1998, கேரளம்) தலைமையாசிரியரைத் தேர்வது சிறுபான்மை நிர்வாகத்தின் உரிமை என்று முடிவாகிவிட்டது, முதுநிலை மட்டும் வாதமாகாது. பார்க்க வேண்டியது இரண்டே. நியமிக்கப்பட்டவருக்கு அரசு வகுத்த கல்வித்தகுதி இருக்கிறதா, பள்ளியின் சிறுபான்மைத் தகுதிக்கு ஆணை இருக்கிறதா. இவற்றில் ஓட்டை இருந்தால், நியமனத்துக்கு ஒப்புதல் வழங்கும் முன்பே மாவட்டக் கல்வி அலுவலரிடம் ஆட்சேபணை கொடுத்துவிடுங்கள்.