வாகனம்: கேள்வி – பதில்
ஸ்பார்க் பிளக் மாற்றப் போகிறீர்களா?

எங்கள் வீட்டு பெட்ரோல் கார் 40,000 கி.மீ. ஓடிவிட்டது. ஸ்பார்க் பிளக்கை நானே மாற்றலாமா? எதில் கவனமாக இருக்க வேண்டும்?
– வாசகர், விருதுநகர்

தாராளமாக மாற்றலாம். சாதாரண நிக்கல் பிளக் என்றால் 40,000 கி.மீ.யில் மாற்றுவது சரியான நேரம்தான். இரிடியம் பிளக் பெரும்பாலும் 1,00,000 கி.மீ. வரை தாங்கும், அதைக் கழற்றும் முன் கார் கையேட்டைப் பாருங்கள்.

இந்த வேலையில் நீங்கள் காப்பாற்ற வேண்டியது ஹெட்டில் (சிலிண்டர்களை மேலே மூடும் பகுதியில்) உள்ள மரையை. பிளக்கின் உடல் எஃகு, ஹெட் அலுமினியம். இரண்டும் மோதினால் தேய்வது அலுமினியம்தான். அதனால் இன்ஜின் முழுக்க ஆறியிருக்கும்போது, முந்தின இரவு நிறுத்திய காரில் காலையில் செய்யுங்கள். சூடான ஹெட்டில் பிளக்கைத் திருகினால் மரையும் சேர்ந்து வந்துவிடும்.

உள்ளே ரப்பரோ காந்தமோ உள்ள பிளக் சாக்கெட் (பல கார்களுக்கு 16 மி.மீ., சிலவற்றுக்கு 14), காயில் (பிளக்குக்கு உயர் மின்னழுத்தம் தரும் பாகம்) போல்ட்டுக்கு 10 மி.மீ. சாக்கெட், எக்ஸ்டென்ஷன், டார்க் ரெஞ்ச் (இறுக்கும் விசையை அளந்து காட்டும் ஸ்பேனர்), ஒரு சாண் பெட்ரோல் ஹோஸ். இவை போதும். சாவியை எடுத்துவிட்டு, காயில் கனெக்டரின் பூட்டை அழுத்திக் கழற்றுங்கள். ஒயரைப் பிடித்து இழுக்காதீர்கள். காயிலை லேசாகத் திருப்பி மேலே உருவுங்கள். பிளக்கைத் தொடும் முன் அது இருக்கும் குழிக்குள் காற்றடித்து மண்ணை வெளியேற்றுங்கள். அங்கே கிடக்கும் ஒரு மணல் துகள் சிலிண்டருக்குள் விழுந்தால் சுவரைக் கீறும். ஒரு சிலிண்டரை முடித்துவிட்டு அடுத்ததைத் திறப்பது நல்லது.

பழைய பிளக் முரண்டு பிடித்தால் மல்லுக்கட்ட வேண்டாம். கால் சுற்று தளர்த்தி, துரு நீக்கும் எண்ணெய் சில சொட்டு விட்டு, கால் மணி நேரம் கழித்து முன்னும் பின்னுமாகத் திருப்பி எடுங்கள்.

புதியதைப் போடும்போதுதான் ஹோஸ் கைகொடுக்கும். பிளக்கின் மேல்முனையில் ஹோஸைச் செருகி குழிக்குள் இறக்கி, முதலில் இடப்பக்கம் திருப்புங்கள். மரையின் முனைகள் சந்திக்கும் இடத்தில் 'டக்' என்று பிளக் லேசாக இறங்கும். அங்கிருந்து வலப்பக்கம் திருகுங்கள். மரை கோணலாக ஏறினால் ஹோஸ் பிளக்கின் மேல் வழுக்கிவிடும். அந்த வழுக்கல்தான் உங்களுக்கு எச்சரிக்கை. ராட்செட் கைப்பிடியால் ஆரம்பித்தால் அது தெரியவே தெரியாது. கையால் அடிவரை போன பிறகு டார்க் ரெஞ்ச். 14 மி.மீ. மரை, வாஷர் உள்ள பிளக்குக்கு 25 முதல் 30 நியூட்டன் மீட்டர், 12 மி.மீ. மரைக்கு 15 முதல் 20. டார்க் ரெஞ்ச் இல்லையா? 14 மி.மீ. புது பிளக் என்றால் கையிறுக்கத்துக்குப் பிறகு அரைச் சுற்று, அதிகபட்சம் முக்கால் சுற்றுக்குச் சற்றுக் குறைவு. வாஷர் இல்லாத, கூம்பு அமர்வுள்ள பிளக்குக்கு 1/16 சுற்றே போதும்.

மரையில் கிரீஸ் தடவலாமா? கேப்பை (பிளக் முனைகளுக்கு இடையிலான இடைவெளியை) நாமே சரிசெய்ய வேண்டுமா?
– வாசகி, பொள்ளாச்சி

தடவாதீர்கள். இன்றைய பிளக்குகளின் மரையில் முலாம் பூசியிருக்கிறது. கிரீஸ் இருந்தால் அதே டார்க் அளவிலேயே பிளக் அளவுக்கு மீறி இறுகிவிடும். என்.ஜி.கே. நிறுவனப் பிளக் எண்ணின் கடைசியில் 10 என்றால் கேப் 1.0 மி.மீ., 11 என்றால் 1.1 மி.மீ. ஃபீலர் கேஜால் (இடைவெளியை அளக்கும் மெல்லிய தகடுகளால்) சரிபாருங்கள். இரிடியத்தின் மெல்லிய நடுமுனையை மட்டும் நெம்பாதீர்கள், ஒடிந்துவிடும். இன்னொன்று: என்.ஜி.கே.யில் வெப்ப எண் கூடினால் குளிர்ந்த பிளக், அதாவது வெப்பத்தை வேகமாகக் கடத்திவிடுவது. பாஷ் நிறுவனப் பிளக்கில் எண் கூடினால் சூடான பிளக். எண்ணை மட்டும் ஒப்பிட்டு வாங்கினால் தவறான பிளக் வந்து சேரும்.

கழற்றிய பிளக்கின் வெள்ளைப் பீங்கானில் பழுப்பு வளையம் இருக்கிறது. கேஸ் கசிகிறதா?
– வாசகர், காரைக்குடி

பெரும்பாலும் இல்லை. உயர் மின்னழுத்தத்தால் எண்ணெய்த் துகள்கள் பீங்கானில் ஒட்டி உண்டாகும் கறை அது. நீங்கள் பார்க்க வேண்டியது கீழ்முனையை. வெளிர்பழுப்பு என்றால் நலம். உலர்ந்த கரி என்றால் பெட்ரோல் அதிகம் போகிறது. ஏர் ஃபில்டரில் தொடங்கிப் பாருங்கள். ஈரமான கரிய எண்ணெய் என்றால் வால்வு சீல் அல்லது பிஸ்டன் ரிங் தேய்ந்திருக்கலாம். பிளக் குழியில் மட்டும் எண்ணெய் நின்றால் வால்வு கவர் பக்கத்து சீல்தான் காரணம்; ரிங் என்று பயப்பட வேண்டாம்.

பிளக் மாற்றியதும் மிஸ்ஸிங். இன்ஜின் விளக்கு மினுக்குகிறது.
– வாசகர், ஆம்பூர்

மினுக்கும்போது ஓட்டாதீர்கள். மிஸ்ஸிங் என்றால் ஏதோ ஒரு சிலிண்டரில் பெட்ரோல் சரியாக எரியவில்லை. அந்த எரியாத பெட்ரோல், புகைக்குழாயில் புகையைச் சுத்தமாக்கும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டருக்குள் போய் எரிந்து அதைப் பாழாக்கும். முதலில் காயில் கனெக்டர்கள் 'கிளிக்' என்று பூட்டியிருக்கின்றனவா பாருங்கள். ஸ்கேனரில் பி0302 என்று வந்தால் இரண்டாவது சிலிண்டர். அதன் காயிலை முதலாவதில் மாட்டிப் பாருங்கள். கோளாறு பி0301 ஆக மாறினால் காயில்தான் குற்றவாளி. இரண்டிலேயே நின்றால் அந்தப் பிளக்கைக் கழற்றிப் பீங்கானில் மயிரிழை விரிசல் தேடுங்கள். பிளக்கைத் திருகும்போது சாக்கெட் சாய்ந்தால் இந்த விரிசல் உண்டாகும். கீழே விழுந்த பிளக்கிலும் இப்படி விரிசல் இருக்கலாம். வெளியே நன்றாகத் தெரிந்தாலும் அதை மாட்டாதீர்கள்.