கேளுங்க சொல்றோம்: கூத்துக்கு நான் ஏன் காசு குடுக்கணும்?

கேள்வி (திண்டுக்கல் வாசகர்): கூத்து, கரகாட்டம், கச்சேரின்னு அரசாங்கம் ஏன் நம்ம வரிப்பணத்த செலவு பண்ணுது? புடிச்சவன் டிக்கெட் வாங்கிப் பாத்துக்கட்டுமே?

பதில்: சார், தெருக்கூத்துக்கு டிக்கெட் கிழிச்சு நான் பாத்ததே இல்ல. திருவண்ணாமலை பக்கம் திரௌபதி அம்மன் கோயில்ல பாரதம் வச்சா, அதாவது மகாபாரதக் கதை சொல்லி கூத்து நடத்தினா, ஊரே தலைக்கட்டு வரி போடும், குடும்பத்துக்கு இவ்வளவுன்னு, கூத்து புடிக்காத ஆளும் மொணமொணன்னு திட்டிக்கிட்டே குடுப்பாரு. ராத்திரி கூத்த ஆரம்பிச்சு வைக்கிற கோமாளி கட்டியக்காரன் வந்து நின்னா விடியற வரைக்கும் ஆட்டம்தான், பக்கத்து ஊர்க்காரன் பாயோட வந்து முன்னாடி எடம் புடிச்சு உக்காந்திருப்பான், நீ வரி கட்டினியான்னு அவன யாரும் எழுப்ப மாட்டாங்க. அரசாங்கம் பண்றதும் இதேதான், தலைக்கட்டு எண்ணிக்கை கொஞ்சம் ஜாஸ்தி, அவ்ளோதான்.

இன்னொன்னு, நீங்க ஏற்கனவே கட்டிட்டுதான் இருக்கீங்க. சொத்து வரியோட நூலக வரியும் சேத்துதான் வாங்குறாங்க, ரூபாய்க்கு 10 பைசா, 2,000 ரூபா வரின்னா 200 ரூபா லைப்ரரிக்கு. நூலகவியல் அறிஞர், சீர்காழிக்காரர் எஸ்.ஆர்.ரங்கநாதன் விடாம பின்னாடி நின்னதுல 1948லயே வந்த சட்டம் இது, சுதந்திர இந்தியாவோட முதல் நூலகச் சட்டமே நம்மளோடதுதான்.

கேள்வி (தஞ்சாவூர் வாசகி): வரி கட்டறோம் சரி, எங்க ஊர் லைப்ரரில புது புக்கே வரலையே?

பதில்: நியாயமான கோபம்மா. எங்க ஊர் கிளை நூலகத்துலயும் இதே கதைதான், ஒரே பேப்பர ஆளுக்கொரு ஷீட்டா பிரிச்சு வச்சுக்கிட்டு ஸ்போர்ட்ஸ் பக்கம் எப்போ கைமாறும்னு காத்திருப்போம், சுவத்துல மட்டும் 1,000 ரூபா குடுத்த புரவலருங்க பேரு வரிசையா பெயின்ட்ல இருக்கும். வசூல் பண்ற உள்ளாட்சி அந்தப் பணத்த மாவட்ட நூலக ஆணைக்குழுவுக்கு கட்டணும், பல எடத்துல பாக்கி நிக்குதுங்கிறது ரொம்ப வருஷப் புகார். உங்க ஊர்ல எவ்வளவு வசூல், எவ்வளவு கட்டியிருக்காங்கன்னு தகவல் உரிமைச் சட்டத்துல ஒரு மனு போடுங்க, நூலகர திட்டாதீங்க, பாவம், அவர் கையில ஒண்ணும் இல்ல.

கேள்வி (சென்னை வாசகர்): மார்கழி கச்சேரி டிக்கெட் விலை கட்டுப்படியாகலையே?

பதில்: மத்தியானம் போங்க, நிறைய சபாவுல அந்த நேரக் கச்சேரி ஃப்ரீதான், நாளைக்குப் பெரிய ஆளாகப் போறவங்க அப்பதான் பாடுவாங்க, சீட்டும் காலியா கெடக்கும். அப்படியே பொங்கலுக்கு சென்னை சங்கமம் பாருங்க, 2007ல ஆரம்பிச்சு பறையையும் ஒயிலாட்டத்தையும் பார்க்குக்கும் பீச்சுக்கும் கொண்டு வந்தது, ஆட்சி மாறினதும் நின்னு போயி 2023லதான் திரும்ப வந்துச்சு. அதுக்கும் டிக்கெட் கிடையாது. சபா கேன்டீன்ல மட்டும் காசு குடுத்துதான் ஆகணும், அங்க நான் கைகொடுக்க முடியாது.