கீசெயின் சூரிச் வருடங்கள்

அன்புள்ள சார்,

லூயி மாலின் ‘லாகோம்ப் லூசியென்’ படம் பார்த்தேன். தையல்காரர் வீட்டுப் பாட்டியாக வருபவர் ஜெர்மன் நடிகை தெரேசெ கீசெ என்று பிறகுதான் தெரிந்தது. ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் ‘மதர் கரேஜ்’ நாடகத்தில் அவர் மனைவி ஹெலேன வைகலுக்குப் பிறகு இவரும் நடித்திருக்கிறாராம். ஹிட்லருக்குப் பயந்து சூரிச்சில் ஒதுங்கியதால் 35 வயதுக்கு மேல் நல்ல வருடங்களெல்லாம் வீணாகிவிட்டனவே! மார்லீன டீட்ரிஷ் மாதிரி ஹாலிவுட் போயிருக்கலாம் அல்லவா? நம் நடிகைகளில் யாரை இவரோடு ஒப்பிடலாம்? இவருடைய வேறு எந்தப் படங்களைப் பார்க்கலாம்?

ர.

அன்புள்ள ர.,

அந்தப் பாட்டியை நீங்கள் கவனித்ததே எனக்குப் பெரிய சந்தோஷம். நாஜிகளுக்கு வேலை செய்யும், துப்பாக்கி வைத்திருக்கும் பையன் வீட்டுக்குள் வந்து அதிகாரம் பண்ணுகிறான். பாட்டி பாட்டுக்குச் சீட்டுகளை வரிசையாக அடுக்கிக்கொண்டிருக்கிறாள். பேச்சே கிடையாது. கொஞ்ச நாளாக நானும் கீசெயைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருக்கிறேன். அதனால்தான் உடனே எழுதுகிறேன்.

ஒப்பீடெல்லாம் வேண்டாம், விடுங்கள். ஆனால் ‘பயந்து ஒதுங்கினார்’ என்று எழுத எப்படி மனம் வந்தது? ஹிட்லர் பதவிக்கு வந்த அதே 1933 ஜனவரியில், முதல் தேதி, எழுத்தாளர் தாமஸ் மானின் பிள்ளைகளான எரிகா மான், கிளாவ்ஸ் மான் ஆகியோரோடு சேர்ந்து ம்யூனிக்கில் ‘மிளகு ஆலை’ என்ற நையாண்டி நிகழ்ச்சியைத் தொடங்கியவர் அவர். யூதப் பெண். மார்ச்சில் ஊரைவிட்டு ஓட வேண்டியதாயிற்று. அந்த வருடமே சூரிச்சில் அதே நிகழ்ச்சியை மறுபடி ஆரம்பித்தார்கள். சுவிஸ் நாஜி அனுதாபிகள் அரங்குக்குள் புகுந்து கலாட்டா செய்தார்கள். அதற்கும் அடங்காமல் பல நாடுகளில் ஆயிரம் தடவைக்கு மேல் நடத்தினார்கள். தயவுசெய்து அந்த வார்த்தையை இனி எழுதாதீர்கள்.

அடுத்தது வைகல் விஷயம். இதைப் பலரும் தப்பாகவே சொல்கிறார்கள். ‘மதர் கரேஜ்’ முதன்முதலில் மேடையேறியது 1941 ஏப்ரல் 19 அன்று, சூரிச் ஷவ்ஷ்பீல்ஹவுஸ் அரங்கில். போர்க்களத்தில் சரக்கு விற்றுப் பிழைக்கும் தாயான கரேஜாக நடித்தவர் கீசெ. வைகல் பெர்லினில் நடித்தது 1949 ஜனவரியில், அதாவது ஏறக்குறைய எட்டு வருடம் கழித்து. வைகல் மகத்தான நடிகை, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் முதல் கரேஜ் கீசெதான். சூரிச்சில் பார்த்தவர்கள் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய்க்காக உருகிப்போனார்கள். போரில் வியாபாரம் பண்ணுகிறவளுக்காக இவ்வளவு உருகுவதா என்று அப்போது பின்லாந்தில் அகதியாக இருந்த பிரெக்டுக்கு உறுத்தியது. பின்னால் பெர்லினுக்காகச் சில காட்சிகளை மாற்றி எழுதினார். முதல் பிரதியில், காயம்பட்டவர்களுக்குக் கட்டுப்போடத் தன் சரக்கிலிருந்த சட்டைகளைக் கரேஜே கொடுப்பாள். மாற்றிய பிரதியில் தர மாட்டேன் என்று பிடிவாதம் பிடிப்பாள், பிடுங்கித்தான் எடுப்பார்கள். ஒரு நடிகை நடித்த விதத்தால் நாடகாசிரியர் பேனாவை மறுபடி எடுக்க வேண்டிவந்தது. அந்த வருடங்களைத்தான் வீண் என்கிறீர்கள். 1950-ல் ம்யூனிக்கில் அதே வேடத்தில் அவரை பிரெக்டே இயக்கினார் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள்.

ஹாலிவுட்டா? 1937-ல் ‘மிளகு ஆலை’யை ஆங்கிலத்தில் நியூயார்க்குக்குக் கொண்டுபோனார்கள், எடுபடவில்லை. அதற்கு முந்தைய வருடமே ஓர் ஆங்கில எழுத்தாளரைப் பெயருக்குக் கல்யாணம் செய்து பிரிட்டிஷ் பாஸ்போர்ட் வாங்கியிருந்தார். அதை வைத்துக்கொண்டு எங்கே வேண்டுமானாலும் போயிருக்கலாம். சூரிச்சுக்கே திரும்பினார். அங்கே ஜெர்மன் பேசும் மேடை இருந்தது, அவரைப் போலவே துரத்தப்பட்ட நடிகர்கள் ஒரே குழுவாக இருந்தார்கள், வேடத்துக்குப் பின் வேடம் கிடைத்தது. ஒரு நடிகை கடைசிவரை நடிகையாக இருக்க வேண்டுமென்றால் முதலில் நிலையான ஒரு குழு வேண்டும். திறமையைப் பற்றி அப்புறம் பேசலாம். அந்தக் குழுவும் அரங்கும் இருந்ததால்தான் 1956-ல் சுவிஸ் நாடகாசிரியர் டூரன்மாட்டின் ‘கிழவியின் வருகை’யில் ஊரையே விலைக்கு வாங்க வரும் கோடீஸ்வரி கிடைத்தாள். ‘இயற்பியலாளர்கள்’ நாடகத்தில் ஆணாக யோசித்து வைத்திருந்த மருத்துவரை இவருக்காகவே பெண்ணாக்கி, நாடகத்தையும் இவருக்கே சமர்ப்பித்தார் டூரன்மாட். 72 வயதில் பெர்லின் ஷவ்பூயன அரங்கில் இளைஞர்களோடு சேர்ந்து பிரெக்டின் ‘தாய்’ நாடகத்தில் நடித்தார்.

சரி, படங்கள். 1958-ல் வந்த ‘மேட்ஷன் இன் ஊனிஃபோர்ம்’ பாருங்கள், கண்டிப்பான தலைமையாசிரியையாக வருகிறார். லூயி மாலின் ‘பிளாக் மூன்’ கடைசிப் படம். 1975 மார்ச்சில் இறந்துபோனார், படத்தை மால் அவருக்கே அர்ப்பணித்தார். ஆனால் அதற்கெல்லாம் முன்னால் ‘மதர் கரேஜ்’ ஐந்தாம் காட்சியை, அந்தச் சட்டைகள் வரும் காட்சியைப் படித்துவிட்டு எனக்கு எழுதுங்கள்.